தொட்டியில் ஊறுகாய் வாடை

ஷாந்தோவ், சீனா, மார்ச் 1980

தம்பி,

உன் கடிதம் கிடைத்தது. நம் தேவாலயத்தை அரசாங்கம் திருப்பிக் கொடுத்தது உண்மைதான். ஊறுகாய்த் தொழிற்சாலைக்காரர்கள் பீப்பாய்களோடு போய்விட்டார்கள். வாடை மட்டும் போகவில்லை. மேடைக்கு அடியில் அப்பா ஞானஸ்நானம் கொடுத்த தொட்டியில்தான் இத்தனை வருஷமும் கடுகுக்கீரையை உப்பில் ஊறப்போட்டிருக்கிறார்கள்.

நேற்று பாடகர் குழுவில் பாடும் சுவா அத்தையும் நானும் அதைக் கழுவினோம்.

"எவ்வளவு தேய்ச்சாலும் போகலையேடி! இதுல முங்கி எழுந்தவனைக் கஞ்சிக்குத் தொட்டுக்கலாம்" என்றாள் அத்தை. சிரித்துவிட்டேன்.

அப்புறம் கேட்டாள்: "ஆமா, புத்தகமெல்லாம் இதுக்குள்ளதான் இருக்குன்னு அன்னைக்கு அந்தப் பசங்களுக்கு யாருடி சொன்னது?"

நான் தண்ணீர் பிடிக்கப் போய்விட்டேன்.

வற்றிய தொட்டியில் வேதாகமங்களை அடுக்கி, மேலே பலகை வைத்து ஆணி அடித்தபோது அப்பா, நீ, நான் மூவர்தான் இருந்தோம். கலாசாரப் புரட்சியின்போது கையில் சிவப்புப் பட்டையோடு வந்த செங்காவலர் பசங்கள் அலமாரியைத் திறக்கவில்லை, மாடியில் ஏறவில்லை. நேராக மேடைக்குப் போய்ப் பலகையைப் பெயர்த்தார்கள். அப்பாவை இழுத்துக்கொண்டு போனபோது நீ வாசலில் குனிந்து ஷூ நாடாவைக் கட்டிக்கொண்டிருந்தாய். அது அவிழ்ந்திருக்கவே இல்லை. அப்பா திரும்பி வரவும் இல்லை.

"பழசெல்லாம் மறந்துடு அக்கா, திறப்பு நாளில் எனக்கும் ஞானஸ்நானம் கொடுக்கச் சொல்" என்று எழுதியிருக்கிறாய். புதுப் போதகரிடம் சொல்லிவிட்டேன்.

வா. எந்தப் பலகையைத் தூக்க வேண்டும் என்று உனக்கு யாரும் காட்ட வேண்டியதில்லை.

இப்படிக்கு,
அப்பாவின் மகள்