சிந்து கொடுத்த மூன்று பாட்டில்

ஜூன் 6, வெள்ளி

வெயில். மேகம் கூடுகிறது, கலைகிறது, மழை மட்டும் இல்லை. ஃபேன் காற்று பட்டாலே கன்னம் எரிகிறது. நான் வேலை பார்க்கும் பட்டுப்புடவைக் கடைக்கு லீவு சொன்னேன். "இன்னாமா ஆச்சு?" என்று முதலாளியம்மா போனில் கேட்டார். காய்ச்சல் என்று பொய்.

கண்ணாடி பார்த்தேன். பார்த்திருக்க வேண்டாம். மூக்கோரம், வாயோரம் செக்கச்செவேல். கன்னத்தில் தோல் உரிந்து தொங்குகிறது. மோவாயில் நீர் கோத்திருக்கிறது. சிரித்தால் உதடு வெடிக்கிறது. சிரிக்க எதுவும் இல்லை என்பதால் தொந்தரவில்லை.

எனக்கு மறதி அதிகம். மறந்தால் மன்னித்துவிடுவேன். அதற்காகவே எழுதி வைக்கிறேன்.

கடையில் லைவ் செய்வது நானும் சிந்துவும். பட்டுப்புடவையைத் தோளில் போட்டுக்கொண்டு, வட்ட விளக்குக்கு முன்னால் நின்று, போனைப் பார்த்துப் பேச வேண்டும். ஆரம்பித்ததிலிருந்து பேசுகிறவள் நான். சிந்து போன வருஷம் வந்தவள், செவிலிமேட்டிலிருந்து டவுன் பஸ்ஸில் வருவாள். பக்கத்தில் நின்று மடிப்புப் பிரித்துக் கொடுப்பாள். போன மாதம் எவனோ ஒருவன் கமெண்டில், 'புடவை சூப்பர், அக்கா முகத்துலதான் கரும்புள்ளி' என்று போட்டான். மறுநாளே சிந்து தன் பையிலிருந்து மூன்று பாட்டில் எடுத்து நீட்டினாள். கிளைகாலிக் ஆசிட். ரெட்டினால். விட்டமின் சி.

"மூணையும் ஒரே டைம்ல போடுக்கா. ஒண்ணு காயறதுக்குள்ள இன்னொண்ணு. எரியும். எரிஞ்சா வேலை செய்யுதுனு அர்த்தம்."

நம்பினேன். அப்பா பட்டுக்குச் சாயம் போடுகிறவர். பிள்ளையார்பாளையத்தில் எங்கள் வீட்டுப் பின்கட்டு முழுக்கச் சட்டியும் அடுப்பும்தான். சாயத்துக்கு முன் பச்சைப் பட்டு நூலைச் சோப்பும் சோடாவும் போட்டு வேகவைத்தால், மேலே ஒட்டியிருக்கும் பசை கழன்று வந்துவிடும். அது போன பிறகுதான் பட்டுக்கு மினுக்கு. பிறந்ததிலிருந்து பார்ப்பது. அதனால் தோல் உரிந்ததும் நான் பயப்படவில்லை. பசைதான் போகிறது, அடியில் மினுக்கு இருக்கிறது என்று இன்னும் நாலு சொட்டு கூடப் போட்டேன்! வேறு எந்த ஊர்க்காரியும் இப்படி யோசித்திருக்க மாட்டாள்.

அப்பாவிடம் சொன்னேன். சிரிக்கவில்லை.

"பசை போனதும் அடுப்ப அணைச்சுடணும்மா. அதுக்கு மேல வெந்தா நூலே இத்துப்பூடும்."

ஜூன் 7, சனி

தோல் டாக்டர். பெண். வெளியே கூட்டம். துப்பட்டாவால் முகத்தை மூடிக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

"மூணையும் ஒரே ராத்திரியிலயா? ஒவ்வொண்ணும் தனியாவே தோலைச் சீண்டுற சாமான்மா. வெள்ளையாகணும்னு மெடிக்கல்ல கேட்டு ஏதாவது டியூப் வாங்கினியா?"

"இல்ல டாக்டர்."

"அதுல முக்காவாசி ஸ்டீராய்டு கலந்தது. அது வரைக்கும் தப்பிச்ச."

எல்லாவற்றையும் நிறுத்தச் சொன்னார். நுரை அதிகம் வராத ஃபேஸ்வாஷ், வாசனை இல்லாத மாய்ஸ்சரைசர், காலையில் சன்ஸ்கிரீன். ஒரு களிம்பு, சில நாளைக்கு மட்டும். மஞ்சள் கூடாது, எலுமிச்சை கூடாது, கடலைமாவு கூடாது. நன்றாக ஆறிய பிறகு வேண்டுமானால் ஒன்று ஒன்றாகத் தொடங்கலாமாம். ஒன்றைப் போட்டு, தோல் ஒப்புக்கொண்டதா என்று பார்த்துவிட்டுத்தான் அடுத்தது. எரிச்சல் என்பது வேலை செய்வதற்கு அடையாளம் இல்லையாம், அடி வாங்குவதற்கு அடையாளமாம்.

"லைவ்ல எப்ப நிக்கலாம்?"

"மேக்கப் இல்லாம நிப்பியா?"

துப்பட்டாவை மறுபடி மூக்கு வரை இழுத்துக்கொண்டேன்.

வரும் வழியில் தயிர், தீப்பெட்டி, அப்பாவுக்கு இருமல் மருந்து.

ஜூன் 11, புதன்

கடை பீரோ சாவி என்னிடமே இருந்தது. கொடுக்கப் போனேன். பின்பக்க மாடிப்படியில் ஏறும்போது மேலே சிந்துவின் குரல். போனில் யாரிடமோ.

"அய்ய, எனக்குத் தெரியாதா இன்னா? மூணும் ஒண்ணா போட்டா வேகும்னு எனக்கு நல்லாவே தெரியும். ஒரு பத்து நாள் வூட்ல கெடப்பாளேன்னு பாத்தேன். இப்ப நான்தான் லைவ்ல நின்னுக்கினு இருக்குறேன்."

சிரித்தாள். நல்ல சிரிப்பு அவளுக்கு, பல்வரிசை அழகு. படியிலேயே நின்றேன். சாவி கீழே விழுந்து சத்தம் கேட்டிருந்தால்கூட எனக்குக் கவலையில்லை.

நேரே முதலாளியம்மாவிடம் போய்ச் சொன்னேன். அவர் என் முகத்தைப் பார்க்க முடியாமல் கணக்குமிஷினைப் பார்த்தபடி பேசினார். "நல்ல மனசோட குடுத்தவளப் போய் குத்தம் சொல்றியேமா. அளவு தெரியாம பூசினது நீ." சிந்துவைக் கூப்பிட்டார். அவள் அழுதாள். அவ்வளவு நன்றாக அழுதாள். ஆளாளுக்குத் தண்ணீர் கொடுத்தார்கள். முந்தானைக்குக் குஞ்சம் முடியும் மேரி அக்கா மட்டும் குனிந்த தலை நிமிரவில்லை.

முகம் வெந்தவள் நான். தண்ணீர் அவளுக்கு.

விடமாட்டேன்.

ஜூலை 18, வெள்ளி

முதல் ஆடி வெள்ளி. காமாட்சி கோயில் பக்கம் ஆட்டோ நுழையவில்லை, நடந்தே வந்தேன். கடையில் ஆடித் தள்ளுபடிக் கூட்டம். மூன்று வாரமாக எனக்கு வேலை பின்னறையில். வாடிக்கையாளர் கலைத்துப் போட்டதை மடித்து அடுக்குவது.

பின்னறையிலிருந்து லைவ் கேட்கும். "வாங்க சொந்தங்களே, கோர்வை பார்டர் பாருங்க, கரையத் தனிக் கலர்ல கோத்து நெய்ஞ்சது, மடியில போட்டுப் பாக்குற மாதிரி கிட்டத்துல காட்டுறேன்." அது நான் பேசும் பேச்சு. 'சொந்தங்களே' என் வார்த்தை. முகத்தோடு வாயையும் எடுத்துக்கொண்டாள்.

முகம் ஆறிவிட்டது. கன்னத்தில் கறுப்பாகத் திட்டு இரண்டு. வெயில் படாமல் பார்த்துக்கொண்டால் மங்குமாம்.

என்னால் செய்யக்கூடியவை:
— சிந்துவின் சன்ஸ்கிரீன் டியூபில் வேறு எதையாவது அடைப்பது. (மோந்து பார்த்தால் தெரிந்துவிடும்.)
— லைவ் நடுவில் விளக்கைப் பிடுங்குவது. (திட்டு எனக்குத்தான்.)
— அம்மனிடம் முறையிடுவது. (இந்தக் கூட்டத்தில் என் குரல் அவளுக்குக் கேட்காது.)
— சும்மா இருப்பது. (முடியாது.)

அப்பாவுக்குச் சளி குறையவில்லை.

ஜூலை 27, ஞாயிறு

தலைக்குக் குளித்தேன். துணி துவைத்தேன். டாக்டர் ஒப்புக்கொண்டபடி ரெட்டினால் தொடங்கி இரண்டு வாரம். குறைந்த அளவு உள்ளது. முதலில் காதுக்குப் பின்னால் தடவிப் பார்த்தேன், ஒன்றும் ஆகவில்லை. வாரத்தில் இரண்டு இரவு, முகம் காய்ந்த பிறகு, பட்டாணி அளவு, மேலே மாய்ஸ்சரைசர். மற்ற இரவுகளில் வெறும் மாய்ஸ்சரைசர். ஆசிட் பக்கமே போவதில்லை. விட்டமின் சி இப்போதைக்கு வேண்டாம், பிறகு வேண்டுமானால் காலையில். சன்ஸ்கிரீன் தினமும், மழை பெய்தாலும்.

பொறுமையாக இருந்தால் தோல் மன்னிக்கிறது. நான் தோல் இல்லை.

ஆகஸ்ட் 5, செவ்வாய்

இன்று நடந்ததை விடாமல் எழுத வேண்டும்.

சிந்துவுக்கு நிச்சயதார்த்தம். ஆவணியில் இரண்டாவது ஞாயிறு. மாப்பிள்ளைக்கு ஓரகடத்தில் கம்பெனி வேலை. சாப்பாட்டு நேரத்தில் என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள். தன் டப்பாவிலிருந்து உருளைக்கிழங்கு எடுத்து என் சோற்றில் வைத்தாள்.

"அக்கா, உன் மூஞ்சி இன்னாமா தெளிஞ்சுட்டுது! இன்னா போடற? எனக்கும் சொல்லேன். பழசெல்லாம் மனசுல வெச்சுக்காதக்கா."

ரெட்டினால் பாட்டில் அவளிடம் இன்னொன்று இருக்கிறது, எனக்குத் தெரியும். என்ன பொய் சொல்லலாம் என்று வாய் வரை வந்தது. எரிய வைக்க எத்தனை வழி உண்டோ அத்தனையும் இப்போது எனக்கு மனப்பாடம். அப்போதுதான் அவள் கண்ணைப் பார்த்தேன். நான் சொல்லப்போவதை நம்பக்கூடாது என்று முடிவு செய்துகொண்டு கேட்கிற கண். அவள் எனக்குச் செய்ததைத்தான் நான் அவளுக்குச் செய்வேன் என்று காத்திருந்தாள்.

பொய்யே தேவையில்லை. உண்மையைச் சொன்னால் போதும், தலைகீழாகச் செய்வாள்.

சொன்னேன். மேரி அக்காவுக்கும் கேட்கும்படி, நிறுத்தி நிதானமாக. "வாரத்துக்கு ரெண்டு நைட்டுதான் சிந்து. பட்டாணி அளவுக்கு மேல வேணாம். அதோட ஆசிட் சேக்காத. காலையில சன்ஸ்கிரீன். எரிஞ்சா நிறுத்திடு. முக்கியமா, இத்தப் போட்டுக்கினு இருக்குறப்ப பார்லர் போயி பிளீச், வேக்ஸிங் எதுவும் பண்ணிக்காத. தோலோட வந்துடும்."

"நிச்சயத்துக்கு பார்லரே போகக் கூடாதா?" என்றாள். திருடனைக் கையும் களவுமாகப் பிடித்தவள்போல ஒரு சிரிப்பு. "ரெண்டு நைட்டு போட்டா உனக்கு இவ்ளோ தெளிஞ்சுது?"

"ஆமா."

"சரிக்கா. சரி சரி."

நான் நல்லவளாகிவிட்டேன் என்று இந்த நோட்டு நினைத்துக்கொள்ள வேண்டாம். உருளைக்கிழங்கு நன்றாக இருந்தது.

ஆகஸ்ட் 12, செவ்வாய்

நல்ல மழை. கடை வாசலில் முழங்கால் தண்ணீர். ஆனாலும் லைவ் உண்டு.

சிந்துவின் மூக்கோரம் பவுடர் திட்டுத் திட்டாக நிற்கிறது. அடியில் தோல் உரிகிறது. தினமும் போடுகிறாள். பட்டாணி அளவோடு நிற்பதும் இல்லை. கமெண்டில் ஒருத்தி, 'அக்காவுக்கு ஸ்கின் டிரை போல' என்றாள். பின்னறையிலிருந்து எட்டிப் பார்த்துச் சந்தோஷப்பட்டேன். வெட்கமே இல்லாமல்.

டீ நேரத்தில் போய்ச் சொன்னேன், "சிந்து, ஓவரா போடற. கொஞ்ச நாள் நிறுத்து."

"நீ உன் வேலையப் பாருக்கா."

பார்த்தேன். நாள் முழுக்கப் பாடிக்கொண்டே புடவை மடித்தேன்.

ஆகஸ்ட் 18, திங்கள்

காலையில் கடை திறந்த உடனேயே சத்தம். சிந்து வந்தாள், கூட அவள் அம்மா. முகத்தில் துப்பட்டா. முதலாளியம்மா அதை விலக்கிப் பார்த்து, "அய்யோ!" என்று கையை எடுத்துக்கொண்டார். நேற்று பார்லரில் பிளீச் செய்து, மேலுதட்டிலும் கன்னத்திலும் வேக்ஸிங் எடுத்திருக்கிறாள். முடியோடு தோலும் வந்துவிட்டது. இரண்டு கன்னமும் பச்சைப் புண். நிச்சயதார்த்தத்துக்கு இன்னும் ஒரு வாரம்கூட முழுதாக இல்லை.

சிந்து என்னை நோக்கிக் கை நீட்டினாள்.

"இவதாம்மா! இவ சொன்னதாலதான் அந்த ரெட்டினாலப் போட்டேன். வேணும்னே என் மூஞ்சியக் கெடுத்துட்டா!"

எல்லாரும் என்னைப் பார்த்தார்கள். எனக்குக் காரணம் இருக்கிறது என்பது எல்லாருக்கும் தெரியும். முதலாளியம்மாவின் முகம் இறுகியது. லைவ் போனது போக இப்போது வேலையும் போகப்போகிறது என்று நினைத்தேன்.

"நான் கேட்டுக்கினு தான இருந்தேன்," என்றார் மேரி அக்கா. கையில் முடிந்துகொண்டிருந்த குஞ்சத்தைக் கீழே வைக்கவில்லை. "வாரத்துக்கு ரெண்டு நாளுதான்னு சொல்லிச்சு. பார்லர் போகாத, தோலோட வந்துடும்னு சொல்லிச்சு. போன வாரம்கூட நிறுத்துனு சொல்லிச்சு, அதுவும் எங்காதுல விழுந்துச்சு. எந்தக் கோயில்ல வேணா வந்து சொல்றேன்."

முதலாளியம்மா சிந்து பக்கம் திரும்பினார். "அப்புறம் ஏன்மா போன?"

"இவ சொல்றத நான் நம்பறதா?" சிந்து கத்தினாள். "நான் இவளுக்கு மூணையும் ஒண்ணா போடச் சொன்னேன், தெரிஞ்சே சொன்னேன். இவ மட்டும் எனக்கு நல்லதச் சொல்லுவாளா?"

சொல்லி முடித்த பிறகுதான் சொன்னது அவளுக்கே கேட்டது. அவள் அம்மா விலகிய துப்பட்டாவை எடுத்து அவள் முகத்தை மூடினாள்.

இந்த முறை யாரும் தண்ணீர் கொண்டுவரவில்லை.

முதலாளியம்மா என்னிடம், "நாளையிலேர்ந்து லைவ்ல நீ நில்லுமா," என்றார். மன்னிப்பெல்லாம் கேட்கவில்லை. அவர் கேட்கிறவர் இல்லை. மாம்பழக் கலர் புடவை ஒன்றை எடுத்து நானே தோளில் போட்டுப் பார்த்தேன். இனித்தது. பொய் எழுத மாட்டேன், அத்தனை இனிப்பு.

அதே நாள், விளக்கு வைத்த பிறகு

சிந்துவிடமிருந்து மெசேஜ்.

'அக்கா ரொம்ப எரியுது. அம்மா மஞ்சள் அரைச்சுக்கினு இருக்குது. மாமி எலுமிச்சம்பழம் தேய்க்கச் சொல்லுது. நீ சொல்லு. நீ சொன்னா செய்றேன்.'

இப்போது நம்புகிறாள்.

ஒன்றும் போடாதே, நாளைக் காலையில் டாக்டரிடம் போ. இதுதான் பதில். தட்டக் கொஞ்ச நேரம்கூட ஆகாது. தட்டியும் வைத்திருக்கிறேன். அனுப்பவில்லை. நான் படித்துவிட்டேன் என்பது அவளுக்குத் தெரிந்திருக்கும். போனைக் கையில் வைத்துக்கொண்டு பார்த்துக்கொண்டிருப்பாள்.

அப்பா சாப்பிடக் கூப்பிடுகிறார். அம்மியில் மஞ்சள் அரைக்க எவ்வளவு நேரம் பிடிக்கும் என்று எனக்குத் தெரியும். அதுவரை அவள் காத்திருக்கட்டும்.