வடிந்துபோன சுடுதண்ணீர்

ஸ்ருட்காட், ஜெர்மனி,
15 நவம்பர் 1987

இயேசு, மரி, சூசை துணை.

அன்புள்ள மகள் அன்ரனிற்றாவுக்கு,

நானும் உன் அண்ணன் பெனடிக்ற்றின் குடும்பமும் தேவகிருபையால் நலம். யப்பான் கடற்காற்று உன் நெஞ்சில் சளி வைக்காமல் மாதா காப்பாராக. உன் இரண்டு கடிதங்களும் கிடைத்தன. முதற்கடிதத்துக்கு நான் பதில் போடாததற்கு முழங்கால் வலி காரணமல்ல. முழங்காலால் யாரும் எழுதுவதில்லை. நீ கேட்டது ஒரே கேள்வி. ஷிகேருவைக் கல்யாணம் செய்ய எனக்குச் சம்மதமா என்று. அதற்கு வருகிறேன். முதலில் ஊர்.

நீ கீறி அனுப்பிய ஊர்ப்படத்தில் வடக்குக் குறிக்கப்படவில்லை. கன்னியர் மடத்துப் பள்ளியில் இப்படி ஒரு படத்தைக் கொடுத்திருந்தால் சிஸ்ரர் முகத்தைப் பாராமலே திருப்பித் தந்திருப்பார். மலை பின்னால், கடல் முன்னால் என்கிறாய். யாருக்கு முன்னால்? சூரியன் கடலில் மறைகிறது என்று வேறோரிடத்தில் எழுதியிருந்ததால் தப்பினாய். அதை வைத்து நானே சிவப்புப் பென்சிலால் வடக்கைக் குறித்து, கட்டிலுக்குப் பக்கத்துச் சுவரில் ஒட்டியிருக்கிறேன். மலைக்கும் கடலுக்கும் இடையில் ஒரே தெரு, அதற்கு மேலே படிபடியாக வெட்டிய வயல்கள், மழைக்காலம் முடியப் புயல். வீடுகள் ஏன் தோளோடு தோள் ஒட்டி நிற்கின்றன என்று படத்தைப் பார்க்க விளங்குகிறது.

எதிரே உள்ள தீவில், அந்தக் காலத்துக் கிறிஸ்தவர்கள் தடைக்குப் பயந்து, குருவானவர் ஒருவருமில்லாமல் இருநூற்றைம்பது வருடம் ஒளித்திருந்து, பிள்ளைகளுக்குத் தாங்களே ஞானஸ்நானம் கொடுத்து, விசுவாசத்தைக் காத்தார்கள் என்று நீ எழுதிய பக்கத்தைப் பெனடிக்ற்றுக்குச் சத்தமாக வாசித்தேன். இங்கே கோவில் மணி எங்கள் குசினிக்குள் கேட்கிறது. ஆனால் அவனுக்கு ஞாயிற்றுக்கிழமைகளில் மட்டும் குளிர்கிறது. ஷிகேருவின் ஆட்கள் அந்தத் தீவைச் சேர்ந்தவர்கள் அல்லர், புத்த கோவிலுக்குப் போகும் வலை வியாபாரிகள் என்பதையும் எழுதினாய். அது எனக்குக் கவலை. நீ மறைக்காதது ஆறுதல்.

கணவாய் மீனை உடுப்புப் போலக் கொடியில் காயப்போடுவது, பொழுதுபட ஒலிபெருக்கியில் பாட்டுப் போட்டுப் பிள்ளைகளை வீட்டுக்குக் கூப்பிடுவது, ஊர் அறிவித்தல் ஒட்டிய பலகை வீட்டுக்கு வீடு கைமாறிப் போவது எல்லாம் வாசித்தேன். இந்த ஊரிலும் ஒரு பலகை உண்டு. படிக்கட்டுக் கூட்டும் முறை யாருக்கோ அவர் கதவில் அந்த வாரம் அது தொங்கும். எங்கள் முறைக்குக் கூட்டுவது நான். கீழ்வீட்டு ஜெர்மன் கிழவி முன்பெல்லாம் கைபிடியை விரலால் தடவிப் பார்ப்பார். இப்போது பார்ப்பதில்லை. நீ கடலட்டையைப் பச்சையாகத் தின்ற செய்தியை மாத்திரம் மேல்வீட்டு இராஜேஸ்வரிக்குச் சொல்லவில்லை. அவள் இணுவில் ஊர்ச் சைவம். பிறகு எங்கள் வீட்டில் தண்ணீரும் குடிக்கமாட்டாள்.

உன் அண்ணன் முகம் கொடுக்கிறானில்லை. "எங்கட ஆக்கள் ஒருத்தரும் இல்லாத இடம் அம்மா. நாளைக்கு ஒண்டெண்டா இவள் ஆரிட்டைப் போறது?" என்கிறான். சாதியைப் பற்றியோ சமயத்தைப் பற்றியோ கேட்டிருந்தால் நான் அவன் வாயை அடைத்திருப்பேன். இது நியாயமான கேள்வி. என்னிடமும் பதில் இருக்கவில்லை. உன் இரண்டாவது கடிதம் வரும்வரை நான் பேனா எடுக்காதது அதனால்தான்.

அந்தக் கடிதத்தில், சிரிப்பதற்கென்று கடைசியில் ஒரு கதை எழுதியிருந்தாய். ஷிகேரு வீட்டுக்கு முதல்முதல் போனபோது, விருந்தாளி என்று உன்னை முதலில் குளிக்க விட்டார்கள். தொட்டிக்கு வெளியே உடம்பு கழுவிவிட்டு, விறகு எரித்துச் சூடாக்கிய தொட்டிக்குள் இருந்தாய். எழும்பும்போது, நான் இருந்த தண்ணீரை இன்னொருவருக்கு வைத்துவிட்டுப் போவதா என்று வெட்கப்பட்டு, அடைப்பைக் கழற்றி முழுவதையும் வடியவிட்டாய். வீட்டார் எல்லோரும் அதே தண்ணீரில்தான் முறைக்கு இறங்குவார்கள் என்று உனக்குத் தெரியாது. கடலுக்குப் போய்த் திரும்பிய தகப்பன் துவாயோடு போய்ப் பார்த்தால் வெறுந்தொட்டி. ஷிகேருவின் தாய் ஹருயோ, அடைப்பைச் சரியாகப் போடாதது தன் பிழை என்று புருசனுக்குச் சொல்லி, அவரின் ஏச்சையும் வாங்கிக்கொண்டு, திரும்பவும் தண்ணீர் நிரப்பி அடுப்பு மூட்டினார். உனக்கு ஒரு சொல் சொல்லவில்லை. மாதக்கணக்குக்குப் பிறகு ஷிகேரு சொல்லித்தான் நீயே அறிந்தாய்.

இதை இராஜேஸ்வரிக்கு வாசித்தேன். "சீ, ஒருத்தர் இருந்த தண்ணியிலை மற்றவையோ அன்ரி?" என்று மூக்கைச் சுளித்தாள். "கீரிமலைக் கேணியிலை நீங்கள் எல்லாரும் முழுகேக்கை ஆளுக்காள் தண்ணி மாத்தினவையோ பிள்ளை?" என்று கேட்டேன். தேத்தண்ணியைக் குடித்துவிட்டுப் போய்விட்டாள்.

மகளே, நான் உன்னை வளர்த்தபடிதான் நீ செய்தாய். அதில் குற்றமில்லை. ஆனால் பாஷை தெரியாமல் வாசலில் வந்து நின்ற ஒரு பிள்ளையின் பிழையைத் தன் தலையில் போட்டுக்கொண்ட பெண்ணை எனக்கு மடத்துக் கன்னியர்களும் காட்டவில்லை. ஒன்றென்றால் நீ யாரிடம் போவாய் என்ற கேள்விக்கு இப்போது பதில் தெரியும். பெனடிக்ற்றுக்கும் சொன்னேன். உம் என்றான். அவனுக்கு அது பெரிய சொல்.

எனக்குச் சம்மதம். தாலி கோவிலில் கட்டவேண்டும். பிள்ளைகளுக்கு ஞானஸ்நானம் கொடுக்கவேண்டும். இரண்டிலும் நான் இறங்கமாட்டேன். மற்றதெல்லாம் அந்த ஊர் முறைப்படி நடக்கட்டும்.

கல்யாணத்துக்கு நான் வர ஏலாது. எங்கள் அகதி விண்ணப்பம் முடியும்வரை, பக்கத்து ஊர்ப் பூசைக்குப் போவதென்றாலும் அரசாங்கக் கந்தோரில் அனுமதி கேட்கவேண்டும். யப்பான் என்று கேட்டால் அங்கே இருக்கும் பெட்டை சிரிப்பாள். என்னைப் பார்த்துச் சிரிக்க நான் யாரையும் விட்டதில்லை. அதனால் கேட்கவில்லை.

இன்னொரு படம் கீறி அனுப்பு. கோவில் எங்கே, ஹருயோவின் வீடு எங்கே, அந்த வீட்டில் குளிக்கும் அறை எந்தப் பக்கம் என்று குறி. வடக்கை மறக்காதே. உன் தலையிலும் ஷிகேருவின் தலையிலும் என் கையை வைத்து ஆசீர்வதித்தேன் என்று எண்ணிக்கொள்ளுங்கள். ஹருயோவுக்கு என் வணக்கத்தைச் சொல். ஒருநாள் நானும் அங்கே வருவேன், என்னை முதலில் குளிக்கவிட்டால் தண்ணீரைத் திறந்துவிடமாட்டேன் என்றும் சொல்.

என்றும் உன் அம்மா,
மேரி திரேசம்மா