பாரசூட்டோடு நின்ற கதை

எனக்குக் கொடுத்ததைவிட நல்ல மீனைப் பூனைக்குக் கொடுத்த என் ராசன் அண்ணைக்கு,

நீங்கள் போன பிறகு பாரிஸில் நம் லா சப்பல் கடைத்தெருவில் பெரிய மாற்றம் ஒன்றும் இல்லை. உங்கள் மளிகைக் கடையை வாங்கியவர் அங்கே கைப்பேசி விற்கிறார். உங்கள் செத்த வீட்டில் எல்லாரையும்விடச் சத்தமாக அழுதாரே எதிர்க்கடைக்காரர், உங்கள் வாடிக்கையாளர்கள் எல்லாரும் இப்போது அவரிடம்தான். என் தொப்பை நலம்.

சொல்ல வந்தது பெலிசெத்தைப் பற்றி.

கடை வாசலில் ஒதுங்கிய தெருப் பூனைக்கு, விண்வெளிக்குப் போய்வந்த பாரிஸ் பூனையின் பெயரை வைத்தவர் நீங்கள். புளி வாங்க வந்தவரைக்கூட விடமாட்டீர்கள். "ரஷ்யாக்காரற்றை நாய் லைக்கா போனது போனதுதான். எங்கடை பாரிஸ் தெருப் பூனை ரொக்கெற்றிலை போய், பாரசூட்டிலை உயிரோடை வந்து இறங்கினது" என்பீர்கள், சகாராப் பாலைவனத்தில் வந்து விழுந்த அந்தப் பெட்டியைத் திறந்ததே நீங்கள்தான் என்பதுபோல. ஆஸ்பத்திரியில் உங்கள் நெஞ்சில் வயர்களை ஒட்டியபோதும் அதே கதைதான். "அவளுக்கு மண்டைக்குள்ளையே வயர் வைச்சவங்கள். அவளே திரும்பி வந்தவள், நான் வரமாட்டனோ?" என்று அண்ணியைச் சிரிக்க வைத்தீர்கள்.

உங்கள் பெலிசெத்துக்கு இப்போது சிறுநீரகம் கெட்டுவிட்டது. போன சனிக்கிழமை அண்ணியும் நானும் அவளை மாம்பழப் பெட்டியில் வைத்து, ஒபர்வில்லியேயில் ஒரு மிருக வைத்தியரிடம் கொண்டுபோனோம். வழக்கம்போல நான்தான் மொழிபெயர்ப்பாளர். உணவகத்தில் கோப்பை கழுவிக் கற்ற என் பிரெஞ்சில் பூனை வைத்தியமும் அடங்கும் என்று நம் சனம் நம்புகிறது.

வைத்தியர் ஓர் இளம்பெண். பூனையின் பெயரைக் கேட்டதும், விண்வெளிக்குப் போன பூனையின் பெயரா என்று கேட்டார். அந்தப் பூனை உயிரோடு திரும்பியது உண்மைதான், ஆனால் சில மாதங்களுக்குள் மூளையைப் பார்ப்பதற்காக அவளைக் கொன்றுவிட்டார்கள் என்றார். பிறகு நம்முடையவளின் வயிற்றைத் தடவிப் பார்த்து, இனிக் குணமாகாது என்றார். இப்போதே ஊசி போட்டு முடிக்கலாம், அல்லது வலிக்கு மருந்து கொடுத்துச் சில நாட்கள் வீட்டில் வைத்திருக்கலாம்.

"என்னவாம் தம்பி?" என்று அண்ணி கேட்டார்.

"பேர் நல்லாயிருக்காம் அண்ணி. மருந்து தருவாவாம்."

அண்ணி என் முகத்தையே பார்த்தார். "ஆஸ்பத்திரியிலையும் உப்பிடித்தான். டொக்டர் நிண்டு நிண்டு கதைப்பார், நீர் 'பரவாயில்லையாம் அண்ணி' எண்டுவீர். எனக்குப் பிரெஞ்சுதான் தெரியாது தம்பி, முகம் தெரியும். இதையாவது முழுசாச் சொல்லும்."

அங்கே டொக்டர் சொன்னதில் பாதியை விழுங்கச் சொல்லி எனக்குக் கண்ணைக் காட்டியது யார் அண்ணை? நீங்கள் தப்பிவிட்டீர்கள், திட்டு எனக்கு.

சொன்னேன். ஊசியையும் சொன்னேன், அந்தப் பூனையின் மூளையையும் சொன்னேன்.

"உயிரோடை வந்தவளைச் சாகடிச்சுப்போட்டு என்னத்தைப் பாத்தவை?"

அதை நான் பிரெஞ்சில் கேட்கவில்லை. பாவம், கொன்றது அந்தப் பெண் இல்லையே.

"உம்மடை அண்ணைக்கு உது தெரியுமே?"

எனக்குத் தெரியவில்லை என்றேன். கதையைப் பாரசூட்டோடு நிறுத்தினீர்களே, அதற்கு மேல் தெரியாமலா? தெரிந்துமா?

அண்ணி பெட்டியை எடுத்து மடியில் வைத்தார். "வீட்டை போவம்."

இப்போது அவள் உங்கள் பழைய ஸ்வெற்றரில் சுருண்டு கிடக்கிறாள். வேலை முடிந்து தினமும் போகிறேன். எனக்கு நீங்கள் ஒருநாளும் தராத அந்த நல்ல மீனை என் காசில் வாங்கிக்கொண்டு போகிறேன். மணந்துவிட்டு முகத்தைத் திருப்புகிறாள். பகிடி விடுகிறேன், அண்ணி சிரிப்பதில்லை. பூனைக்கும் எனக்கும் நடுவில் அவர் உட்கார்ந்திருக்கிறார். ஒருவராலும் ஒன்றும் செய்ய முடியவில்லை.

ஒன்றை மட்டும் சொல்லி வைக்கிறேன் அண்ணை. அவள் கண்ணை மூடும்போது நாங்கள் இரண்டு பேரும் பக்கத்தில் இருப்போம். அவள் தலையில் தடவுகிற கையைத் தவிர வேறு எதுவும் படாது.

இனி எதையும் பாதி விழுங்காத,
உங்கள் தம்பி குணா