மேசைக்கு அடியில் ஒரு கேமரா

லாஸ் வேகாஸ்
ஜனவரி 11, 2004

என் நோரீனுக்கு,

நீ போனை டொக்கென்று வைத்த சத்தம் இன்னும் காதிலேயே இருக்கிறது. நாம் போனில் பேச ஆரம்பித்தால் பிரிட்டா எழுந்து தன் அறைக்குப் போய்க் கதவைச் சாத்திக்கொள்கிறாள் என்று சொன்னாய் அல்லவா, அது சுருக்கென்று தைத்தது. பதினோரு வயதுப் பெண் அப்பா அம்மா சண்டையைக் கேட்டுக் கேட்டுப் பழகிவிடக் கூடாது. இனிமேல் எழுதிக்கொள்வோம். எழுத்தில் யாரும் குறுக்கே பேச முடியாது. முக்கியமாக நீ!

சொல்ல வந்ததை நேராகச் சொல்லிவிடுகிறேன். ஆட்டம் நன்றாகப் போகிறது. இந்த ஊருக்கு வந்து ஆறு வருஷத்தில் இப்போதுதான் பெரிய மேசையில் என் நாற்காலி என்று ஒன்று இருக்கிறது. கர்ட்டிஸ் போக் என்று ஒரு டெக்சஸ்காரக் கிழவன் இருக்கிறான். போக்கரில் அவனை அசைக்க இங்கே ஆளில்லை. அவனே நேற்று, நம் மாநிலத்துப் பெயரால் என்னைக் கூப்பிட்டு, "ஏய் மினசோட்டா, உன் மூஞ்சியப் பாத்தா சுவத்தப் பாத்த மாதிரி இருக்குய்யா. ஒரு எழவும் தெரிய மாட்டேங்குது" என்றான். எனக்கு அது மாலை போட்ட மாதிரி இருந்தது.

இன்னொன்று. தொலைக்காட்சிக்காக ஒரு பெரிய ஆட்டம் எடுக்கிறார்கள். என்னையும் கூப்பிட்டிருக்கிறார்கள். மேசைக்கு அடியில் குட்டிக் கேமரா வைத்திருப்பார்களாம். எங்கள் கையில் என்ன சீட்டு என்று வீட்டில் உட்கார்ந்து பார்க்கிறவர்களுக்குத் தெரியும், எதிரே உட்கார்ந்திருப்பவனுக்குத் தெரியாது. மார்ச்சில் காட்டுவார்கள்.

அதனால் கேட்கிறேன். உன் அப்பா விட்டுப்போன வீட்டை செயின்ட் பாலிலிருந்து வந்து கேட்கிறார்களே, அந்தத் தம்பதிக்கே கொடுத்துவிடு. ஜூனில் பள்ளிக்கூடம் முடிந்ததும் நீயும் பிரிட்டாவும் இங்கே வந்துவிடுங்கள். விருந்தாளி மாதிரி வந்துபோகிற அப்பனாக இருந்தது போதும்.

உன்னுடைய,
வெண்டல்


டுலூத்
ஜனவரி 24, 2004

வெண்டலுக்கு,

'அன்புள்ள' என்று போடவில்லை என்று முகத்தைத் தூக்கி வைத்துக்கொள்ளாதே. அதைக் கையில் வைத்திருக்கிறேன், நேரம் வரும்போது போடுகிறேன்.

உன் கடிதத்தை மூன்று முறை படித்தேன். சந்தோஷமா பயமா என்று எனக்கே தெரியவில்லை. பனியில் வழுக்குகிற இந்த மேட்டுத் தெருக்களில் பள்ளிக்கூட பஸ் ஓட்டுகிறவள் நான். அதற்குப் பயந்ததில்லை. உன் கடிதத்தை மட்டும் ஒரு நாள் முழுக்க மேசையில் வைத்திருந்துவிட்டுத்தான் பிரித்தேன்.

ஞாபகம் இருக்கிறதா, நீ அங்கே போன மறு வருஷம்? 'நன்றாக இருக்கிறேன், கவலைப்படாதே' என்று எழுதினாய். அடுத்த வாரமே வீட்டு வாசலுக்கு ஒருத்தன் வந்து காரை எடுத்துக்கொண்டு போனான். நீ காரை விற்றது தெருவுக்கே தெரிந்த பிறகுதான் எனக்குத் தெரிந்தது. கார் போனால் போகட்டும். இது வீடு, வெண்டல். விற்றுவிட்டு அங்கே வந்து நின்றபிறகு நீ 'கொஞ்சம் சறுக்கிவிட்டது' என்றால், நானும் பெண்ணும் எங்கே போவோம்? வேலையையும் விட்டிருப்பேன்.

தேவாலயத்தில் பாதிரியார் மனைவி, "உங்க வீட்டுக்காரர் இன்னும் லீவுலதான் இருக்காரா?" என்கிறாள். "ஆமாங்க, நீண்ட லீவு" என்றேன். வேறென்ன சொல்ல?

ஒன்றே ஒன்றுதான் கேட்கிறேன். நீ தோற்றால் எனக்குக் கோபமில்லை. மறைத்தால்தான் கோபம். உண்மையைச் சொல்கிறாய் என்று எனக்குத் தெரிந்தால் வீட்டை விற்கிறேன்.

நோரீன்

பி.கு.: பிரிட்டா பள்ளி ஐஸ் ஹாக்கி அணியில் கோல் காப்பாளராகத் தேர்வாகிவிட்டாள். ஐஸில் விழுந்து முன்பல் லேசாக உடைந்திருக்கிறது. அதற்கும் சிரிக்கிறாள்.


லாஸ் வேகாஸ்
ஏப்ரல் 2, 2004

என் நோரீனுக்கு,

தாமதத்துக்கு மன்னித்துவிடு. நிகழ்ச்சியைப் பார்த்திருப்பீர்கள் என்று நினைக்கிறேன். இங்கே தெருவில் போகிறவர்கள்கூட என்னைப் பார்த்துக் கை ஆட்டுகிறார்கள்.

நீ கேட்டதற்குப் பதில்: எதையும் மறைக்கவில்லை. எல்லாம் நல்லபடியாகப் போகிறது. இங்கே பழைய நகரப் பக்கம் ஒரு காப்பிக்கடை கண்டுபிடித்திருக்கிறேன், உன்னை முதலில் அங்கேதான் கூட்டிக்கொண்டு போகப்போகிறேன். மாட்டிறைச்சியை மாவில் புரட்டிப் பொரித்து, மேலே மிளகு தூக்கலாகப் போட்ட வெள்ளைக் குழம்பை ஊற்றுகிறான் பார், தட்டின் ஓரம் வரை வழியும். பக்கத்தில் முறுகலான உருளைக்கிழங்குத் துருவல். ஓரம் கருகியும் நடுவில் மெத்தென்றும் இருக்கும். பரிமாறுகிற அம்மாள் கேட்காமலே பிஸ்கட்டும் தேனும் கொண்டுவந்து வைக்கிறாள்.

வீட்டு விஷயத்தைத் தள்ளிப் போடாதே. அவர்கள் வேறு வீடு பார்த்துவிடப் போகிறார்கள்.

பிரிட்டாவின் உடைந்த பல்லுக்கு ஒரு முத்தம்.

வெண்டல்


டுலூத்
ஏப்ரல் 12, 2004

வெண்டலுக்கு,

நிகழ்ச்சியைத் தேவாலயத்தின் கீழ்த்தளத்தில் பெரிய திரை போட்டுப் பார்த்தோம். தெருவே வந்திருந்தது. நீ ஒவ்வொரு முறை பந்தய வில்லைகளை வாரி எடுக்கும்போதும் ஒரே கூச்சல். நீ என்ன பேசினாய் என்று ஒரு வார்த்தைகூட என் காதில் விழவில்லை. பாதிரியார் மனைவி என் கையைப் பிடித்துக்கொண்டு, "என்னமா இருக்காரு, மகராசன்!" என்றாள். லீவு ஆசாமி ஒரே நாளில் மகராசன் ஆகிவிட்டார் பார். பிரிட்டா வீடியோ நாடாவில் பதிவு செய்து வைத்திருக்கிறாள்.

நீ எழுதிய பொரித்த இறைச்சியைப் படித்துவிட்டு, இங்கே டப்பா சூப்பைக் குடித்துக்கொண்டு உன்னைத் திட்டினேன். பெண்டாட்டி வயிற்றெரிச்சலைக் கொட்டிக்கொள்வதில் உன்னை மிஞ்ச ஆளில்லை.

சரி, கேள். செயின்ட் பால்காரர்கள் மே 31-க்குள் கையெழுத்து வேண்டும் என்கிறார்கள். பஸ் அலுவலகத்தில் ஜூனோடு நின்றுகொள்வேன் என்று வாய்வார்த்தையாகச் சொல்லிவிட்டேன். சொன்னதிலிருந்து தூக்கம் இல்லை. அப்பாவின் அறையைக் காலி செய்ய ஆரம்பித்தேன், ஒரு பெட்டியோடு நிறுத்திவிட்டேன். உன்னை நம்புகிறேன் என்றுதான் நினைக்கிறேன். ஆனால் அந்த ஒரு பெட்டியை ஏன் இன்னும் கட்டாமல் வைத்திருக்கிறேன்?

நோரீன்


லாஸ் வேகாஸ்
மே 3, 2004

நோரீன்,

ஒரு உதவி வேண்டும். பயப்படாதே, பெரிதாக ஒன்றுமில்லை.

கொஞ்ச நாளாக மேசையில் என்னைப் படித்துவிடுகிறார்கள். கையில் ஒன்றுமே இல்லாமல் பெரிய பந்தயம் கட்டி எதிராளியை விரட்டுவதுதான் என் ஆட்டத்துக்கு உயிர். இப்போது நான் அப்படிக் கட்டினால் யாரும் சீட்டைக் கவிழ்த்துவிட்டு விலகுவதில்லை. யோசிப்பதுகூட இல்லை. உண்மையிலேயே நல்ல சீட்டு வரும்போது மட்டும் எல்லோரும் ஒதுங்கிவிடுகிறார்கள். கறுப்புக் கண்ணாடி போட்டேன். கழுத்தில் துடிக்கும் நரம்பு தெரியக் கூடாதென்று இந்த வெயிலில் துண்டு சுற்றிக்கொண்டு உட்கார்ந்தேன். கர்ட்டிஸ் பார்த்துவிட்டு, "சளி பிடிச்சிருக்கா மினசோட்டா?" என்று சிரித்தான். மற்றவர்களும் சிரித்தார்கள். அவர்கள் எல்லோருக்கும் தெரிந்த ஏதோ ஒன்று எனக்கு மட்டும் தெரியவில்லை. யாரிடம் கேட்க? இங்கே யாரும் யாருக்கும் சொல்லித்தர மாட்டார்கள், அதுதான் அவர்கள் பிழைப்பு.

நீ என்னோடு பதினைந்து வருஷம் இருந்தவள். அந்த நாடாவைப் போட்டுப் பார். நான் என்ன செய்கிறேன் என்று சொல்.

மற்றபடி குறை ஒன்றும் இல்லை, பணம் பத்திரமாக இருக்கிறது. நீ கையெழுத்துப் போடலாம். நேற்று ஒரு கடையில் இனிப்புக்கு எலுமிச்சைப் பை சாப்பிட்டேன். மேலே முட்டை நுரையை நாலு விரல் உயரத்துக்கு ஏற்றி, நுனியை மட்டும் பொன்னிறமாகச் சுட்டிருந்தான். வாயில் வைத்ததும் புளிப்பு சுரீரென்று ஏறி அப்படியே கரைந்துவிட்டது. அதற்கு முன்னால் எலும்போடு சுட்ட பன்றிக்கறி, ஆப்பிள் கூழோடு.

வெண்டல்


டுலூத்
மே 12, 2004

வெண்டல்,

பார்த்தேன். பிரிட்டா பள்ளிக்குப் போன பிறகு, கூச்சலும் கும்பலும் இல்லாமல், நான் மட்டும் உட்கார்ந்து பார்த்தேன். முதலில் சிரித்தேன். பிறகு சிரிப்பு நின்றுவிட்டது.

உன் கையில் வெறும் ஏழும் இரண்டும். திரையில் எல்லோருக்கும் தெரிகிறது. முன்னால் இருப்பதையெல்லாம் தள்ளிவிட்டு நீ கர்ட்டிஸைப் பார்த்து, "உங்க ஊர்ல மாட்டு நெஞ்சுக்கறியை எத்தனை மணி நேரம் புகையில வைப்பாங்க?" என்று ஆரம்பிக்கிறாய். அவன் சீட்டைக் கவிழ்த்தான். இன்னொரு முறை கையில் ஒன்றுமில்லை, பேன்கேக்கைப் பற்றிப் பேசுகிறாய். அடுத்து இறால். நல்ல சீட்டு வந்தபோது மட்டும் வாயைத் திறக்கவில்லை. முகம் சுவர்தான், வெண்டல். வாய்தான் கதவு.

முன்பெல்லாம் அவர்கள் கவிழ்த்துவிடுவார்கள், நீயும் சீட்டைக் காட்ட மாட்டாய், யாருக்கும் தெரியாது. நீயே ஆசை ஆசையாகப் போய் அந்தக் கேமராவுக்கு முன்னால் உட்கார்ந்தாய். உன் சீட்டையும் உன் பேச்சையும் சேர்த்து ஊருக்கே காட்டிவிட்டார்கள். நாங்கள் அதைப் பார்த்துக் கைதட்டியிருக்கிறோம்.

என் அப்பாவிடம் கல்யாணம் பேச வந்த அன்று உருளைக்கிழங்கு சாலட்டைப் பற்றியே பேசிக்கொண்டிருந்தாய். பாவம், பசியோடு வந்த பையன் என்று நினைத்துக்கொண்டோம். பயந்துபோய் வந்த பையன் என்று தெரியவில்லை.

இத்தோடு விட்டிருக்கலாம். விட முடியவில்லை. எழுந்துபோய் உன் கடிதங்களை எடுத்தேன். ஜனவரிக் கடிதத்தில் ஒரு ரொட்டித்துண்டுகூட இல்லை. ஏப்ரலில் பொரித்த இறைச்சி. மே மாதம் எலுமிச்சைப் பை. கார் போவதற்கு முன்னால் எழுதினாயே, அந்தப் பழைய கடிதத்தையும் தேடி எடுத்தேன். இரண்டு பக்கம் நண்டு.

எல்லாவற்றையும் மேசையில் வரிசையாக வைத்தேன். பணம் எல்லாம் போய்விட்டது, இல்லையா?

இத்தனை நாளாக இல்லாத கோபம் எல்லாம் வந்தது. பிறகு பயம் வந்தது. இதை உன்னிடம் சொல்லாமல் இருந்துவிட்டால் என்ன என்று தோன்றியது. நீ முழுசாகத் தோற்று வீட்டுக்கு வந்து சேருவாய். எனக்கு வேண்டியதும் அதுதான், வாய் திறந்து சொல்கிறேன். சொல்லிவிட்டால் நீ திருத்திக்கொள்வாய். மேசையில் மட்டுமா? எனக்கு எழுதும்போதும்தான். நீ சொல்வது நிஜமா பொய்யா என்று அறிய எனக்கு இருப்பது இந்த ஒரே வழி. அதுவும் இப்போதுதான் கிடைத்தது. அதை என் கையாலேயே உன்னிடம் கொடுக்கிறேன்.

ஏன் கொடுக்கிறேன் தெரியுமா? அவர்கள் சிரித்தார்கள் என்று எழுதினாயே, அதைத் தாங்க முடியவில்லை. உன்னைப் பார்த்துச் சிரிக்கிற உரிமை எனக்கு மட்டும்தான்.

இனி நீ எப்படி எழுதினாலும் நான் நம்பியே ஆக வேண்டும். 31-ஆம் தேதி கையெழுத்து. விற்கவா, வேண்டாமா? சொல்.

நோரீன்


லாஸ் வேகாஸ்
மே 20, 2004

என் நோரீனுக்கு,

எழுதுவதும் கிழிப்பதுமாக இருந்தேன். இது போய்ச் சேரட்டும்.

நீ சொன்னது சத்தியம். நேற்று சின்ன மேசை ஒன்றில் உட்கார்ந்தேன். கையில் ஒன்றுமில்லாமல் கட்டிவிட்டு வாயை மூடிக்கொண்டேன். நாக்கு அரித்தது, பல்லைக் கடித்துக்கொண்டேன். எதிராளி பெருமூச்சு விட்டுவிட்டுக் கவிழ்த்தான். என் ஆட்டம் திரும்பி வந்துவிட்டது என்று தெரிந்தது. முன்புபோல உட்கார்ந்து ஆடலாம். சந்தோஷப்பட்டிருக்க வேண்டும். எழுந்து வெளியே வந்துவிட்டேன்.

அவர்களிடம் இனி வாயைத் திறக்க மாட்டேன். உன்னிடம் மூட மாட்டேன். ஆனால் நீ கேட்டதற்கு நேராகப் பதில் எழுத உட்கார்ந்தால் கை வரமாட்டேன் என்கிறது. ஆறு வருஷம் உன்னைத் தனியே விட்டுவிட்டு அந்த ஒரு வரியை எப்படி எழுதுவேன்? எனக்குத் தெரிந்த விதத்தில் எழுதுகிறேன், நீ படித்துக்கொள்.

நான் மிக நன்றாக இருக்கிறேன். தொட்டதெல்லாம் ஜெயிக்கிறது. உங்களுக்காகப் பார்த்து வைத்திருக்கும் வீடு விசாலமானது. காலையில் வெண்ணெய் உருகி ஓடும் பேன்கேக், மேலே மேப்பிள் பாகு. மொறுமொறுவென்று பன்றிக்கறித் துண்டுகள். மத்தியானம் நண்டுக்கால்கள், உருக்கிய வெண்ணெய், பூண்டு ரொட்டி. ராத்திரிக்கு நெருப்பில் வாட்டிய மாட்டுக்கறி, நடுவில் சிவப்பாக. பிறகு எலுமிச்சைப் பை, ஒரு துண்டு இல்லை, முழுப் பை.

வெண்டல்


டுலூத்
மே 26, 2004

அன்புள்ள வெண்டலுக்கு,

படித்தேன். முழுப் பையையும் படித்தேன். அழுதுகொண்டேதான்.

கையெழுத்துப் போடவில்லை. செயின்ட் பால் அம்மாள் முகத்தைத் திருப்பிக்கொண்டு போனாள், போகட்டும். பஸ் அலுவலகத்தில், "நீ போகமாட்டேன்னு எங்களுக்கு அப்பவே தெரியும்" என்று வழக்கம்போல பஸ் சாவியை நீட்டினார்கள். அவர்களாவது என்னைப் படித்திருக்கிறார்கள்.

பயணச்சீட்டு இத்துடன் இருக்கிறது. அப்பா வருகிறார் என்று பிரிட்டாவிடம் சொன்னேன். "எத்தனை நாளைக்கு?" என்றாள். எப்போதும் கேட்பதுதான். அதற்குப் பதில் நீ வந்து சொல்லிக்கொள்.

ஏரி மீன் வாங்கி வெண்ணெயில் வறுத்து வைக்கிறேன். வா, உட்கார், வயிறாரச் சாப்பிடு. எப்படி இருக்கிறது என்று மட்டும் சொல்லாதே.

அன்புள்ள,
நோரீன்