தொட்டியில் மட்டும் வளர்த்த பூ

பொள்ளாச்சி பஸ்ஸை விட்டு இறங்கி வீட்டுக்கு வந்து, சோப்புப் போட்டுக் கை கழுவியாயிற்று. ஆனாலும் சேலைத் தலைப்பில் அந்தப் பூவின் வாசம் போகவில்லை. பக்கத்து வீட்டு உன் மொட்டை மாடித் தொட்டியிலிருந்து என் சமையலறை ஜன்னல் வரை வந்து என்னைச் சீண்டிய அதே வாசம். நீ போய் ஒரு வருஷம் ஆகிறது. இன்றும் உன்னிடம் சண்டை போடத்தான் உட்கார்ந்திருக்கிறேன்.

நம் தெருவில் நீ செடி கொடுக்காத வீடு உண்டா? செம்பருத்திக் குச்சி, கறிவேப்பிலைக் கன்று, பால்காரருக்குக்கூட ஒரு துளசி. ஊட்டியிலிருந்து கொண்டுவந்த அந்த வெள்ளைப் பூ மட்டும், வெங்காயத்தாள் மாதிரி இலை விட்டு நிற்குமே, அதில் ஒரு கிழங்கு கேட்டால் உன் முகமே மாறிவிடும்.

"ஒரே ஒரு கிழங்குதான? குடுத்தாக் கொறஞ்சா போயிருவ?"

"வேற எது வேணாலும் எடுத்துக்க அம்மணி. இது மட்டும் வேண்டாம்."

"ஏன்?"

"வேண்டாம்னா உடேன்."

பூ வாடியதும் தண்டோடு கிள்ளித் தீயில் போடுவாய். விதைகூட எனக்குக் கிடைக்கக் கூடாதென்றா என்று ஜன்னலோரம் நின்று பல்லைக் கடிப்பேன். மாதம் தவறாமல் பொள்ளாச்சிக்கு, உன் தங்கையின் தென்னந்தோப்புக்குப் போவாய். நானும் வரட்டுமா என்றால், "வெயிலு, உனக்கு ஆகாது" என்பாய். எனக்கு மட்டும்தான் வெயிலா? அக்காவும் தங்கையும் சேர்ந்து ரகசியமாகத் தோப்பை விற்கிறார்களோ என்றுகூட நினைத்தேன். கடைசியில் உன் மகள் வாய் தவறிச் சொன்னாள், சித்தி தோப்பிலும் அந்தப் பூ இருக்கிறதென்று. தங்கைக்கு உண்டு, எனக்கு இல்லை! அன்றோடு பேச்சை நிறுத்தினேன். பிறகு ஒரு நாள் ஆம்புலன்ஸ் வந்தது. நான் கேட்டைத் திறப்பதற்குள் உன்னை ஏற்றிவிட்டார்கள். நீ திரும்பி வரவில்லை.

போன வாரம் உன் தங்கை, தோப்புக்கு ஒரு தடவை வந்து போகச் சொல்லிப் போனில் கூப்பிட்டாள். அங்கே என்னதான் மூடி மறைத்தாய் என்று பார்க்கத்தான் இன்று போனேன். தென்னைக்கு அடியிலெல்லாம், கண்ணுக்கெட்டிய வரை, வெள்ளைவெளேரென்று அந்தப் பூ.

"பாக்கறதுக்கு நல்லாத்தானுங்க இருக்குது" என்றாள். "என்ற அக்கா ஆசையா ரெண்டு கிழங்கு நட்டுச்சு. அது தெரியாம டிராக்டர் உட்டு ஓட்டிப்போட்டோம். கெழங்கு செதறித் தோப்பு பூராப் பரவிருச்சுங்க. புடுங்குனா அரிசியாட்டக் குட்டிக் கிழங்கு மண்ணுலயே நின்னுக்குது. ஊடுபயிரு ஒண்ணும் வெக்க முடியறதில்ல. பாவம், மாசாமாசம் வந்து உக்கோந்து தோண்டிட்டே இருக்கும்."

"எங்கிட்ட ஒரு வார்த்தை சொல்லலியே?"

அவள் சிரிப்பை அடக்கினாள். "உங்ககிட்ட மட்டும் சொல்லவே கூடாதுன்னுச்சுங்க. 'ஆயுசுக்கும் சொல்லிக் காட்டுவா'ன்னு."

அடிப்பாவி! எனக்கு அழுகையும் கோபமும் ஒன்றாக வந்தன. தங்கையின் தோப்பைக் கெடுத்தவள், என் வாசலைக் கெடாமல் காப்பாற்றியிருக்கிறாய். ஆனாலும் அந்தத் தொட்டியை மட்டும் விட உனக்கு மனம் வரவில்லை, பார். களைக்கொத்தை வாங்கிக்கொண்டு சாயங்காலம் வரை தோண்டினேன். முக்கால் பாத்தி முடிந்தது. அடுத்த மாதமும் வருவதாகச் சொல்லியிருக்கிறேன்.

தெருவில் எனக்குச் சந்தேகப் பிராணி என்று பேர். நீ மட்டும் என்னவாம்? சொல்லியிருந்தால் சொல்லிக் காட்டியிருப்பேன்தான், இல்லையென்று சொல்லவில்லை. ஆனால் சொல்லிக் காட்டிக்கொண்டே உன் பக்கத்தில் உட்கார்ந்து தோண்டியும் இருப்பேன். அதை நீ நம்பவில்லையே.