கொடியளவு ஓநாய் கேட்ட கட்டளைக்கு உவர்க்காட்டு மறுமொழி

மழை தப்பாது பெய்க. குளங்கள் மறுகால் பாய்க. செம்பொறை நாட்டின் ஏழு வாயில்களையும் உடையவரும், ஓநாய்க்கொடி உயர்த்தியவருமாகிய வேந்தர் பெருமானின் வலப்பக்கத்து இருக்கைக்குரிய பேரமைச்சர் மதிவல்ல வாணராயர் திருமுன்னர்க்கு, உவர்க்காட்டு எல்லைக் காவல் நாயகன் சாத்தையன் தலைவணங்கி விடுக்கும் ஓலை. தங்கள் மதில்கள் நிமிர்ந்து நிற்க. தங்கள் சினம் இதைப் படித்து முடிக்கும் வரையிலாவது பொறுத்திருக்க.

தங்கள் ஓட்டக்காரன் ஒரே மடியில் இரண்டு ஓலைகள் கொண்டுவந்தான். உவர்க்காட்டார் அனுப்பியது ஓநாய் அன்று, நாய் என்றும், கொடிக்கு இழுக்குச் செய்த குற்றத்துக்காக, அதனுடன் வந்த ஆட்டுக்கிடைக்காரி காராயியின் வலக்கை வரும் கொடியேற்றத்தன்று வெட்டி வாங்கப்படும் என்றும் முதல் ஓலை சொல்கிறது. காராயி ஆட்டு ரோமம் கத்தரிக்கிறவள். அவளுக்கு அந்தக் கைதான் சோறு. சாத்தையன் அதை எழுத்துக் கூட்டி மெல்லப் படித்து, நம்பாமல் மறுபடியும் படித்தான். இரண்டாம் ஓலையைப் பிரிக்க அப்போது அவனுக்கு மனம் வரவில்லை.

நடந்தது இது. பனிமலை நாட்டுத் தூதருக்கு நம் கொடி விலங்கைப் பரிசளிக்க வேண்டும், ஆதலால் கொடியில் உள்ளபடி ஓர் ஓநாய் அனுப்புக என்று தாங்கள் பணித்தீர்கள். கொடியில் உள்ளது கன்றுக்குட்டி உயரம், கழுத்தைச் சுற்றிப் பிடரிமயிர், வாயில் நெருப்பு. உவர்க்காட்டில் உள்ளதோ ஆளின் தொடை உயரம். நீண்ட கால், ஒட்டிய வயிறு, புழுதி நிறம். இந்த வெயிலில் பிடரிமயிர் வளர்த்தால் அது வெந்து சாகும். குறுக்கே போனால் மேய்ப்பர்கள் அதன் பெயரைச் சொல்லமாட்டார்கள். 'வெளியூர்க்காரன் போறான்' என்பார்கள். நெருப்பு கக்கி எவரும் கண்டதில்லை.

குழி வெட்டி, கிடைத்ததில் பெரியதை அனுப்பினோம். அரண்மனை விலங்குநூற் பண்டிதர் அளவுகோலை நட்டு, மார்பளவு நின்றால் அரச ஓநாய், இடுப்பளவு நின்றால் படை ஓநாய், அதற்குக் கீழ் நின்றால் நாய் என்று வகை பிரித்துத் திருப்பிவிட்டார். அடுத்ததும் திரும்பியது. மூன்றாவதும் திரும்பினால் காவல் பறிபோகும் என்று கட்டளை வந்தது. நாற்பது வயதுவரை ஏரிக்கரைக்கு மண் சுமந்தவன் சாத்தையன். மண்ணை ஏற்றி ஏற்றிக் கரையை உயர்த்தலாம், ஓநாயை எப்படி உயர்த்துவது என்று அவன் தலையில் கைவைத்து உட்கார்ந்துவிட்டான்.

வழி சொன்னவள் காராயிதான். "அண்ணே, உசரத்துக்கு நான் ஒண்ணும் பண்ண முடியாது. மசுருதானே கொறையுது? நம்மகிட்ட இல்லாத மசுரா?" என்றாள். கருப்புக் கிடாவின் ரோமத்தை மரப்பிசினில் தோய்த்து, கட்டிப்போட்ட ஓநாயின் கழுத்தைச் சுற்றி அவளே ஒட்டினாள். ஒட்டிய பிறகு பார்த்தால் கொடியிலிருந்து இறங்கி வந்ததைப் போலவே இருந்தது. சாத்தையன் சரி என்றான். குற்றம் என்றால் அந்தச் சரியே குற்றம். கத்தரித்த கை அன்று.

அவையில் நடந்ததைக் கூண்டு சுமந்து போன ஆட்கள் வந்து சொன்னார்கள். எங்கள் மூங்கில் கூண்டு அரசவைக்கு அழகன்று என்று, கொடி ஓநாயின் அளவுக்குத் தாங்கள் வார்த்து வைத்திருந்த இரும்புக் கூண்டில் அதை மாற்றினார்களாம். பிடரியைக் கண்டு பண்டிதர் அளவுகோலை மறந்து கைதட்டினாராம். ஓநாயோ பாதி நாள் பட்டினி. கழுத்தைச் சுற்றிக் கிடா வாசம். பனிமலைத் தூதர் பார்த்துக்கொண்டிருக்கும்போதே தன் பிடரியைத் தானே பிய்த்துத் தின்ன ஆரம்பித்துவிட்டது.

தூதர் வயிறு பிடித்துச் சிரித்தபின், தம் மலையில் இதன் அண்ணன்மார் உண்டு என்றும், குளிருக்கு அவர்கள் பருத்து மயிர் போர்த்தவர்கள், இது வெயிலுக்கு இளைத்த தம்பி, ஆயினும் குலம் ஒன்றே என்றும் மொழிந்தாராம். அந்தச் சொல்லை அவை காதில் வாங்கவில்லை. "அடியே, இது என்ன? சொல்லு!" என்று பண்டிதர் அதட்ட, "நீங்கதான் கோலு வச்சிருக்கீகளே சாமி, நான் ஆடு மேய்க்கிறவ" என்றாளாம் காராயி. அந்த வாய்க்காகத்தான் கைக்கு வந்தது தண்டனை என்று ஆட்கள் சொல்கிறார்கள்.

இனி இரண்டாம் ஓலை. சாத்தையன் அதை மறுநாள் பிரித்தான். கொடி அளவுக்கு வார்த்த கூண்டின் கம்பி இடைவெளியும் கொடி அளவே ஆதலால், விலங்கு இரண்டு கம்பிகளுக்கு நடுவே சாவதானமாக நடந்து வெளியேறியது, நந்தவனத்தில் திரிகிறது, வேந்தர் அந்தப்புரத்தை விட்டு இறங்கவில்லை, காவலர் கதவடைத்துக் கிடக்கிறார்கள், வலையும் ஆட்களும் உடனே வருக என்று எழுதியிருந்தீர்கள்.

வாணராயரே, இரண்டு ஓலையிலும் தங்கள் முத்திரையே இருக்கிறது. சாத்தையன் படிப்பு சொற்பம். இரண்டையும் அவன் நெஞ்சில் ஒருங்கே வைக்க இடமில்லை. திரிவது நாய் என்றால், பண்டிதர் தம் அளவுகோலோடு வெளியே வந்து 'சூ' என்று விரட்டட்டும். நாய்க்கு எதற்கு எல்லைப் படை? ஓநாய் என்றால், காராயி கொண்டுவந்தது ஓநாய்தான். ஓநாய் கேட்டீர்கள், ஓநாய் வந்தது. இதில் வெட்டுவதற்குக் கை எங்கே இருக்கிறது? இரண்டில் ஒன்றைத் தாங்களே தேர்க. மயிர் ஒட்டிய பிழைக்கு இங்குள்ள காவல் கோலைப் பறித்துக்கொள்க. மண் கூடை இன்னும் மூலையில்தான் இருக்கிறது, சாத்தையன் அதை எடுத்துக்கொள்வான்.

ஆதலின், எல்லைக் காவலுக்குரிய ஆணையாக இது எழுதப்பட்டது: வலை ஆயத்தமாகிவிட்டது. சுமப்பவர்கள் சோறு கட்டிக்கொண்டு வாசலில் நிற்கிறார்கள். காராயி தன் வலக்கையால் தானே சிறைக்கதவைத் தள்ளி வெளியே வந்தாள் என்ற செய்தி வந்த பின்பே அவர்கள் அடி எடுத்து வைப்பார்கள். அதுவரை கதவுகளை நன்றாகச் சாத்தி வைத்திருக்க.

ஓநாய் முத்திரை இட்டால் மறுபடியும் அளவு கேட்பீர்கள். ஆகவே சாத்தையனின் பழைய மண்வெட்டி முத்திரையே இங்கு இடப்பட்டது. நாடு வாழ்க, நந்தவனமும் வாழ்க.