என் கணவர் வழுக்கி விழவில்லை

அனுப்புநர்:
ரபியா ஹூமிச்,
செம்மார் தெரு, பாலத்தடி,
ஸ்தாரி ப்ரோத்.

பெறுநர்:
தலைமை அலுவலர் அவர்கள்,
மருத்துவப் பதிவுகள் பிரிவு,
மாவட்ட சுகாதார அலுவலகம்.

பொருள்: என் கணவர் எக்ரெம் ஹூமிச்சின் கீழ் முதுகெலும்பு முறிவுக்கு இடப்பட்ட காரணக் குறியீட்டைத் திருத்தக் கோருதல் – தொடர்பாக.

மதிப்பிற்குரிய ஐயா,

1. என் கணவர் எங்கள் ஊர்ப் பேருந்தின் ஓட்டுநர். கடந்த ஆகஸ்டில், எங்கள் முப்பதாவது திருமண நாளன்று, அவர் பழைய பாலத்தின் உச்சியிலிருந்து நெரெத்வா ஆற்றில் குதித்தார். கால்கள் நேராகத்தான் இறங்கின. இடுப்பு சற்றே சாய்ந்துவிட்டது. கீழ் முதுகின் முதல் எலும்பு அழுந்தி முறிந்தது. அதற்கு மருத்துவமனை இட்ட எஸ் 32.0 என்ற குறியீடு சரியானதே. அதில் எனக்குச் சண்டை இல்லை.

2. முறிவு எப்படி நேர்ந்தது என்பதற்கு இன்னொரு குறியீடும் இட வேண்டுமாம். அந்த இடத்தில் எக்ஸ் 80 என்று பதிந்திருக்கிறார்கள். உயரத்திலிருந்து குதித்து உயிரை மாய்த்துக்கொள்ள முயன்றவர் என்று அதற்குப் பொருள். ஐயா, கல்யாண நாளில்!

3. பதிவு மேசையில் இருந்த பெண் தலைநகரிலிருந்து புதிதாக வந்தவர். என் கணவர் தவறி விழுந்தாரா, தானாகவே குதித்தாரா என்று கேட்டார். "தானாத்தான் குதிச்சாரு, யாரும் தள்ளிவிடல" என்று நான் நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு சொன்னேன். எங்கள் ஊரில் வேறெப்படிச் சொல்வார்கள்? பாலத்திலிருந்து குதிப்பவனைப் பார்த்து வழுக்கி விழுந்தான் என்று சொன்னால் அது அவன் குடும்பத்துக்கே அவமானம். அந்தப் பெண் என்னை இரக்கத்தோடு பார்த்தார். ஏனென்று அப்போது எனக்கு விளங்கவில்லை.

4. அன்று மாலையே செவிலியர் என் கணவரின் இடுப்புவாரையும் சவரக் கத்தியையும் எடுத்துச் சென்றுவிட்டார். மனநல மருத்துவர் சான்று தரும்வரை பேருந்தைத் தொடக்கூடாது என்று ஓட்டுநர் உரிமத்தை நிறுத்தி வைத்துள்ளார்கள். முதுகு தேறி வருகிறது, இன்னும் இரண்டு மாதத்தில் பேருந்து ஓட்டலாம் என்று எலும்பு மருத்துவரும் சொல்கிறார். இந்தக் குறியீடுதான் வழிமறித்து நிற்கிறது. பக்கத்து வீட்டு ஸும்ரேதா பாலாடைக்கட்டி அடை சுட்டுக்கொண்டு வந்து, வீட்டில் நான் அவரை ரொம்பப் படுத்திவிட்டேனா என்று குசுகுசுவென்று கேட்டார். அடையை வாங்கிக்கொண்டு கதவைச் சாத்தினேன்.

5. இதைத் தாங்கள் விளங்கிக்கொள்ள 1988ஆம் ஆண்டுக்கு வர வேண்டும். பெண் கேட்டு வந்த எக்ரெமிடம் என் தந்தை வேலையையோ வீட்டையோ விசாரிக்கவில்லை. பாலத்திலிருந்து குதித்திருக்கிறாயா என்றுதான் கேட்டார். எங்கள் ஊர் வழக்கம் அது. அதுவரை அவர் குதித்ததே இல்லை. மறுநாளே ஏறி நின்றார். ஒல்லிக்குச்சி உடம்பு, அண்ணனிடம் இரவல் வாங்கிய கால்சட்டை. ஆற்று நீரை வாளியில் வாங்கித் தலையில் ஊற்றிக்கொண்டார். கோடையிலும் பனிக்கட்டியாக இருக்கும் அந்த நீரில் சூடான உடம்போடு விழுந்தால் நெஞ்சு அடைத்துவிடும். பிறகு கைகளை விரித்தார். கரையில் அத்திமர நிழலில் நின்ற எனக்குக் கண்ணை மூடக்கூடத் தோன்றவில்லை. தண்ணீருக்கு மேலே தலை வந்ததும் அவர் முதலில் என்னைத்தான் தேடினார். என் தந்தை அன்று கடைத்தெரு முழுவதற்கும் காபி வாங்கிக் கொடுத்தார். அந்தக் கருமியின் கையிலிருந்து காபியா என்று ஊரே வாய் பிளந்தது. எத்தனை நல்ல கோடை அது, ஐயா!

பிறகு போர் வந்தது. பாலம் ஆற்றுக்குள் போனது. பாலம் இல்லாத ஆண்டுகளில், எங்கள் திருமண நாள் வந்தால் அவர் கரைக்குப் போய், அது இருந்த இடத்தைப் பார்த்துவிட்டுத் திரும்புவார். அதே பழைய வடிவில் மீண்டும் கட்டிய பின் ஆண்டுதோறும் குதித்தார். முழங்கால் வலி வந்ததும் நிறுத்திக்கொண்டார். இந்த ஆண்டு காலைக் காபியை வைத்துவிட்டு, "முப்பது வருஷம் ஆச்சு, ரபியா. உங்கப்பாகிட்ட இன்னொரு தடவை பொண்ணு கேட்டுட்டு வரேன்" என்று எழுந்தார். என் தந்தை காலமாகி வெகுநாளாகிறது. சிரித்துக்கொண்டே நானும் பின்னால் போனேன். சாகப் போகிறவர் பேசும் பேச்சா இது?

6. திருத்தம் கேட்டுப் போனபோது தங்கள் அலுவலகத்தில் ஒருவர் சுலபமான வழி சொன்னார். வழுக்கி விழுந்ததாக எழுதிக் கையெழுத்திட்டால் டபிள்யூ 13, தவறி விழுதல் என்று மாற்றிவிடலாம், அடுத்த வாரமே உரிமம் திரும்பக் கிடைத்துவிடும் என்றார். நல்ல மனதோடுதான் சொன்னார். என் கணவர் படுக்கையில் இருந்தபடியே தாளைத் திருப்பிக் கொடுத்தார். "பஸ் போனா போகட்டும். வழுக்குச்சுன்னு எழுதிட்டு, அப்புறம் எந்த மூஞ்சியோட பாலத்துப் பக்கம் போவேன்?" என்றார். எனக்குக் கோபம் வந்தது, அழுகையும் வந்தது. ஆனால் நானும் வற்புறுத்தவில்லை.

7. தங்கள் குறியீட்டு நூலிலேயே டபிள்யூ 16 என்று ஒன்று உண்டு என எலும்பு மருத்துவர் காட்டினார். நீரில் பாய்ந்தோ குதித்தோ நேர்ந்த காயம் என்று அதற்குப் பொருள். ஆகவே எக்ஸ் 80ஐ நீக்கி, டபிள்யூ 13ஐ இடாமல், டபிள்யூ 16 என்று பதிந்து, உரிம அலுவலகத்துக்கும் எழுத்தில் தெரிவிக்குமாறு மிகப் பணிவுடன் கேட்டுக்கொள்கிறேன்.

8. சாட்சி வேண்டுமெனில் நான் இருக்கிறேன். இந்த முறையும் அதே அத்திமரத்தடியில்தான் நின்றேன். முதுகு முறிந்திருந்தும், தண்ணீருக்கு மேலே தலை வந்ததும் அவர் முதலில் என்னைத்தான் தேடினார்.

தங்கள் பதிலை எதிர்நோக்கும்,
(ஒப்பம்)
ரபியா ஹூமிச்,
எக்ரெமின் மனைவி

இடம்: ஸ்தாரி ப்ரோத்
நாள்: 14 செப்டம்பர் 2018